வேங்கை நீழலில் நின்ற வீரபத்தினி

பண்டைக் கிரேக்க மக்கள் தேவர்க்கும் மானிடர்க்கும் இடையே வீரர் என்றொரு வரிசையினரை வைத்து வழிபட்டனர். மண்ணிற் பிறந்து, பெருந்துன்பம் உழந்து, மாண்டபின் தெய்வநிலை எய்தியோர் அவ்வரிசையினர். அருஞ்செயல் பன்னிரண்டு முடித்த ஹெராக்ளீஸ், நஞ்சு தோய்ந்த ஆடையால் உடல் வெந்து, ஈட்டா மலைமீது அடுக்கிய ஈமத்திற் கிடந்து, அங்கிருந்தே விண்ணுலகு புக்கான் என்பர். அநீதியால் மாண்டாருடைய சினம் தணியாவிடின் மழை பொய்க்கும், நோய் பரவும் என்றும், கோயில் எடுத்து விழாச் செய்யின் அச்சினமே நாட்டிற்கு அருளாக மாறும் என்றும் அவர்கள் நம்பினர்.

இக்கதைகளை நம் மாணவர் பலர் ஆங்கில நூல்களின் வாயிலாகக் கற்று வியப்பர். வியத்தற்குரியனவே அவை. ஆயினும் ஈட்டா மலையைப் படத்தில் தேடும் நாம், நம் கண்முன் நிற்கும் மலையை மறத்தல் ஆகாது. போடிநாயக்கனூரில் நின்று மேற்கே நோக்குவார்க்கு வானளாவிய மதில்போல் தோன்றுவது ஏலமலைத் தொடர். அது கம்பம் பள்ளத்தாக்கின் விளிம்பாகத் தெற்கே நீண்டு, கூடலூருக்கு மேல் தமிழகமும் கேரளமும் கூடும் எல்லையில் மங்கலதேவி கோட்டம் என்னும் பழங்கோயிலைத் தன் முடியில் தாங்கி நிற்கின்றது. மண்ணிற் பிறந்து விண்ணிற் சென்ற ஒரு பெண்மணியின் நினைவிடம் அது. அவள் வரலாற்றைச் சிலப்பதிகாரத்தின் வழிநின்று சுருங்கக் கூறுவாம்.

கண்ணகி, காவிரிப்பூம்பட்டினத்தில் மாநாய்கன் என்னும் பெருவணிகனுக்கு மகளாகப் பிறந்தாள். அந்நகரின் கடற்கரையில் யவனர் இருக்கைகள் இருந்தன என இளங்கோவடிகள் கூறுகின்றார். யவனர் என்பது முதற்கண் கிரேக்கரைக் குறித்து வழங்கிய பெயர். ஆகவே ஹெராக்ளீஸின் கதையைத் தம் தாய்மொழியிற் சொல்லக்கூடிய மக்கள் அவள் பிறந்த ஊரிலேயே உறைந்தனர் என்று எண்ணுதற்கு இடமுண்டு. 12 ஆண்டு நிரம்பிய கண்ணகியை, மாசாத்துவான் மகனாகிய 16 ஆண்டுக் கோவலன் மணந்தான். சில ஆண்டுகள் இனிது கழிந்தன. பின்னர் அவன் ஆடலில் வல்ல மாதவியிடம் மனம் பறிகொடுத்துத் தன் குலம் தந்த குன்றனைய பொருளை அழித்தான்.

கணவனைப் பிரிந்த நாட்களில் தோழி தேவந்தி, குளங்கள் இரண்டில் மூழ்கிக் காமவேள் கோட்டம் தொழுதால் கணவன் மீள்வான் என்றாள். அது தன் பெருமைக்கு ஒவ்வாதென ஒரு சொல்லால் மறுத்தாள் கண்ணகி. ஊழுக்கு அஞ்சி இரவாத இவ்வுறுதியே பின்னர் அரசவையில் எரியாக மூண்டது. கோவலன் பொருளின்றித் திரும்பியபோது அவள் கடிந்துரைக்கவில்லை. எஞ்சியிருந்த காற்சிலம்புகளை எடுத்துக்கொள்ளுமாறு கூறினாள். விடியுமுன் இருவரும் மதுரை நோக்கிப் புறப்பட்டனர். வழியில் சமணத் துறவி கவுந்தியடிகள் துணையானார். மதுரையின் புறஞ்சேரியில் மாதரி என்னும் ஆயர் முதுமகள் அவர்களுக்கு இடமளித்தாள்.

மறுநாள் ஒரு சிலம்பை விற்கச் சென்ற கோவலன், அரசியின் சிலம்பைக் கவர்ந்திருந்த பொற்கொல்லன் ஒருவனிடமே சிக்கினான். அரசியின் ஊடல் தணிக்க விரைந்துகொண்டிருந்த பாண்டியன் நெடுஞ்செழியன், வந்தவன் யார், அவன் ஊர் எது, சிலம்பு எங்ஙனம் கிடைத்தது என்று ஒன்றையும் ஆராயாமல் கொலைக்குக் கட்டளையிட்டான். காவலருட் சிலர் அவன் முகங்கண்டு இவன் கள்வன் அல்லன் என ஐயுற்றனர். அந்த ஐயமும் அவையேறவில்லை. களிப்புற்ற ஒருவன் வாளால் வெட்ட, கோவலன் வீழ்ந்தான்.

வினவாமல் எய்திய அத்தீமையை வினாவினாலேயே வென்றாள் கண்ணகி. எஞ்சிய சிலம்பைக் கையில் ஏந்தி, விரித்த கூந்தலுடன் அரண்மனை வாயிலில் நின்று வழக்குரைத்தாள். அப்பொழுதுதான் அரசன் அவள் யாரென்று கேட்டான். காலங்கடந்த கேள்வி அது. தன் சிலம்பின் பரல் மாணிக்கம் என்றாள் அவள். அரசியின் சிலம்பின் பரல் முத்து என்றான் அவன். சிலம்பு உடைந்தது, மாணிக்கம் தெறித்து அரசன் முகத்தெதிரே பாய்ந்தது. தானே கள்வன் என உணர்ந்த பாண்டியன் அரியணையில் உயிர் துறந்தான். தேவியும் உடன் மாய்ந்தாள்.

கிரேக்க நாடகத்தில் ஆன்டிகோனி என்னும் நங்கை, உடன்பிறந்தானை அடக்கஞ்செய்யலாகாது என்ற கிரியோன் மன்னனின் ஆணையை மீறிக் கற்குகையில் அடைபட்டு மாண்டாள். கிரியோன் காலங்கடந்தே உண்மை உணர்ந்து, தன் மகனையும் மனைவியையும் இழந்து, உயிரோடிருந்து வருந்தினான். நெடுஞ்செழியனோ சான்று கண்ட கணத்திலேயே தன்மேல் தானே தீர்ப்பளித்துக்கொண்டான். தவறிய மன்னனும் இவ்வகையிற் பெரியன் என்றே இளங்கோவடிகள் காட்டுகின்றார்.

இதன் பின்னரும் கண்ணகியின் சினம் ஆறவில்லை. இடமுலையைத் திருகி நகர்மேல் எறிய மதுரை எரிந்தது. அறவோரும் பத்தினிப் பெண்டிரும் முதியோரும் குழவிகளும் ஆவினமும் அத்தீயினின்று விலக்கப்பட்டனர். நகர்த்தெய்வமாகிய மதுராபதி எதிர்ப்பட்டு, பழவினை உரைத்து, 14 நாட்கள் கழிந்தபின் கணவனைக் காண்பாள் என்றது. யவன வாள்வீரர் காவல் செய்த மதில்களையுடைய அந்நகரைக் கண்ணகி மேற்கு வாயில் வழியே நீங்கினாள். கொற்றவை கோயில் வாயிலில் தன் கைவளைகளை உடைத்தாள். மேடும் பள்ளமும் பாராது வையைக் கரைவழியே தனியளாய் நடந்தாள்.

வையைக்கு நீரளிக்கும் மேற்கு மலைகளை நோக்கியதே அவ்வழி. அவள் ஏறிய குன்றை நெடுவேள் குன்றம் என்கிறது காவியம். அது திருச்செங்கோடே எனக் கொள்வாரும் உளர். வையைக் கரைவழியே மலையேறிச் சேரநாடு புக்காள் என்ற செய்தியோ ஏலமலைப் பக்கத்தையே சுட்டுகின்றது. பேராசிரியர் சி. கோவிந்தராசனார் 1963-ஆம் ஆண்டில் மங்கலதேவி கோட்டத்தை ஆராய்ந்து, அதுவே கண்ணகி கோட்டம் என வலியுறுத்தினார்.

மலைமீது பொன்னிறப் பூப்பூக்கும் வேங்கை மரத்தின் நிழலில் ஒரு முலை இழந்து நின்ற பெண்ணைத் தினைப்புனம் காக்கும் குறவர் கண்டனர். கண்டு நடுங்கினர், ஆயினும் அவள் யாரென அன்போடு வினவினர். மதுரையில் ஒருவரும் கோவலனிடம் கேளாத வினா இது. அரண்மனையில் அது கேட்கப்பட்டிருந்தால் ஓர் உயிரும் ஒரு நகரும் பிழைத்திருக்கும். மதுரையோடு கணவனை இழந்தவள் தான் என அவள் விடைபகர்ந்தாள். பின்னர் தேவர் புடைசூழக் கோவலன் வர, அவனோடு அவள் விண்ணேறியதை அக்குறவர் தம் கண்ணாற் கண்டனர். இவளை நிகர்க்கும் தெய்வம் நமக்கில்லை எனத் துணிந்து பறை முழக்கிக் குரவையாடினர். கண்ணகியின் முதற்கோயில் அவ்வேங்கையின் நீழல். முதல் அடியார் அம்மலைமக்கள்.

பெரியாற்றங்கரைக்கு வந்த சேரன் செங்குட்டுவனிடம் இதனைக் கூறியவரும் அவர்களே. அவர்கள் வாய்திறவாதிருப்பின் கதை மதுரைச் சாம்பலோடு முடிந்திருக்கும். சேரமாதேவி, தம் நாடு தேடி வந்த இப்பத்தினிக்குக் கோயில் எடுத்தல் வேண்டுமென்றாள். செங்குட்டுவன் இமயத்திற் கல்லெடுத்து, கங்கையில் நீர்ப்படுத்தி, வஞ்சியில் கோட்டம் சமைத்தான். விழாவிற்கு வந்த மன்னருள் இலங்கைக் கயவாகுவும் ஒருவன். கண்டி மாநகரிலும் மட்டக்களப்புப் பகுதியிலும் பத்தினி வழிபாடு இன்றும் நிலவுகின்றது.

கி. மு. 458-இல் ஏதென்ஸ் நகரில் அரங்கேறிய ஈஸ்கிலஸின் நாடகமொன்றில், பழிவாங்கும் சினத்தெய்வங்கள் நகரில் ஓர் உறைவிடம் பெற்று நலந்தரும் தெய்வங்களாக மாறுகின்றனர். பாண்டிய நாட்டிலும் மழை வறண்டு நோய் பெருகக் கண்ணகிக்கு விழா எடுக்க, மழை பெய்து வளம் சுரந்தது என்பர். சினத்தை ஒறுத்து அடக்காமல் அதன் நியாயத்தை ஏற்று இடமளிப்பதே நாட்டுக்கு நலம் என்பதை இரு மக்களும் தனித்தனியே கண்டனர்.

உ. வே. சாமிநாதையர் 1892-ஆம் ஆண்டில் சிலப்பதிகாரத்தைப் பதிப்பித்தபின் கற்றோர் கண்ணகியை மீண்டும் அறிந்தனர். ஏலமலையிலோ சித்திரை முழுநிலா நாள் ஒன்றில் மட்டும், காட்டுவழி திறக்க, இருமாநில மக்களும் அவள் கோட்டம் ஏறித் தொழுகின்றனர். மற்றை நாட்களில் போடியிலிருந்தும் கம்பத்திலிருந்தும் ஏலத்தோட்ட வேலைக்கு மலையேறும் பெண்கள் விடியுமுன் புறப்படுகின்றனர். அன்று புகாரை விட்டு நீங்கிய கண்ணகியும் அவ்வேளையிலேயே புறப்பட்டாள்.

மாணவ நண்பர்களே! நாளை உங்களுட் பலர் வழக்குக் கேட்கும் இருக்கைகளில் அமர்வீர்கள். அறியாத ஒருவர் உங்கள்முன் வந்து நிற்கும்போது, நெடுஞ்செழியன்போல் விரையாது, ஏலமலைக் குறவர்போல் முதலில் வினவுங்கள். கண்ணகிக்கு நாம் எடுக்கத்தக்க கோயில் அதுவே.