வாஸ்கோடகாமா: வழி கண்டவர், வழி மறித்தவர்

புதுதில்லி: இந்தியாவுக்குக் கடல்வழி கண்டவர் என்று பள்ளிப் பாடநூல்கள் கூறும் வாஸ்கோடகாமா, அவ்வழியைத் தம் நாட்டுக்கு மட்டுமே உரியதாக்கப் பீரங்கிகளுடன் முயன்றவரும் ஆவார்.

போர்ச்சுகலின் சினெஸ் நகரில் பிறந்த அவர், 1497 ஜூலை 8-ம் தேதி 4 கப்பல்களுடன் லிஸ்பனிலிருந்து புறப்பட்டார். நன்னம்பிக்கை முனையைச் சுற்றிவந்து, கிழக்கு ஆப்பிரிக்காவின் மலிந்தியில் கிடைத்த வழிகாட்டியின் துணையால் அரபிக் கடலைக் கடந்து, 1498 மே மாதம் கோழிக்கோட்டை அடைந்தார். அரபு, குஜராத்தி வணிகர்கள் நெடுங்காலமாக மிளகு வாங்கிச் சென்ற துறைமுகம் அது. அவர் அளித்த எளிய பரிசுகளை சாமூதிரியின் அவை மதிக்கவில்லை. வணிக உடன்பாடும் கைகூடவில்லை.

1502-ல் போர்க் கப்பல்களுடன் திரும்பியவர், மெக்கா யாத்திரிகர்கள் வந்த மீரி என்ற கப்பலை எரித்தார். பெண்கள் உள்பட நூற்றுக்கணக்கானோர் மாண்டனர். முஸ்லிம் வணிகர்களை வெளியேற்ற மறுத்த கோழிக்கோடு மீது குண்டுகள் பொழிந்தன. போர்ச்சுகீசியரின் அனுமதிச் சீட்டு இல்லாத கப்பல்களைப் பறிமுதல் செய்யும் முறை அதன்பின் வேரூன்றியது. அனைவருக்கும் பொதுவாக இருந்த கடல், ஒரு நாட்டின் உடைமையாகக் கருதப்பட்டது.

அதிகாரிகளின் ஊழலைக் களைய 1524-ல் வைஸ்ராயாக அனுப்பப்பட்ட அவர், அவ்வாண்டு டிசம்பர் 24-ல் கொச்சியில் காலமானார். அங்கு அடக்கம் செய்யப்பட்ட உடல் பின்னர் போர்ச்சுகலுக்கு எடுத்துச் செல்லப்பட்டது.

அவரது வருகையின் 500-வது ஆண்டைக் கொண்டாடும் முயற்சிக்கு 1998-ல் கேரளத்திலும் கோவாவிலும் எதிர்ப்பு எழுந்தது. கோவாவின் துறைமுக நகரமோ இன்றும் அவர் பெயரையே தாங்கி நிற்கிறது.