தமக்கு எதிராகவும் சாட்சி நின்றவர்

நீதியின்மீது நிலைத்து நிற்குமாறும், அல்லாஹ்வுக்காகவே சாட்சி கூறுமாறும் திருக்குர்ஆன் நமக்குக் கட்டளையிடுகின்றது. அச்சாட்சி நமக்கோ, நம்மைப் பெற்றோருக்கோ, உறவினருக்கோ பாதகமாக முடியுமாயினும் மறைக்கலாகாது என்று அந்நிஸா அத்தியாயம் எச்சரிக்கின்றது. பிறர் இழைத்த அநீதியை எடுத்துரைப்போர் உலகில் பலர். நேற்றுவரை தாமே மேடைதோறும் முழங்கியது பிழை என்பதை இன்று உலகறியச் சொல்ல முன்வருவோர் மிகச் சிலர். அச்சிலருள் ஒருவர் அமெரிக்கக் கறுப்பின மக்களின் தலைவர் மால்கம் எக்ஸ். அல்-ஹாஜ் மாலிக் அல்-ஷபாஸ் என்னும் பெயருடன் முஸ்லிமாக மண்ணில் அடங்கிய அன்னாரின் வாழ்வைச் சற்றே நோக்குவோம்.

நெப்ராஸ்கா மாநிலத்தின் ஒமாஹா நகரில் 1925 மே 19-ஆம் நாள் மால்கம் லிட்டில் பிறந்தார். தந்தை ஏர்ல் லிட்டில் கிறிஸ்தவ போதகர். கறுப்பின மக்களின் தன்மானத்துக்காகப் பாடுபட்ட மார்க்கஸ் கார்வியின் இயக்கத்தைச் சார்ந்தவர். அக்காரணத்தால் வெள்ளை நிறவெறியரின் பகை அக்குடும்பத்தைத் தொடர்ந்தது. 1929-இல் மிச்சிகன் மாநிலத்தின் லான்சிங் நகரில் அவர்களுடைய இல்லம் தீக்கிரையாயிற்று. 1931-இல் தந்தை டிராம் வண்டியில் அடிபட்டு மாண்டார். விபத்து என்று அதிகாரிகள் எழுதினர். நிறவெறியரின் கொலை என்றே குடும்பத்தார் நம்பினர். வறுமையோடு போராடிய தாய் லூயிஸ், 1939-இல் மனநோய் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். பிள்ளைகள் திசைக்கொருவராய்ச் சிதறினர்.

வகுப்பில் சிறந்து விளங்கிய மால்கம், தாம் வழக்கறிஞராக விரும்புவதாக ஆசிரியரிடம் கூறினார். கறுப்பருக்கு அது எட்டாக் கனவென்றும், தச்சு வேலை பழகுவதே தக்கதென்றும் ஆசிரியர் அறிவுரை பகர்ந்தார். கல்வியில் பற்று அற்றுப்போன அவ்விளைஞர், பாஸ்டன், நியூயார்க் நகரங்களில் சூதும் போதைப்பொருளும் திருட்டும் நிறைந்த வழியில் வீழ்ந்தார். 1946-இல், தமது இருபதாம் வயதில், சிறை புகுந்தார்.

வாசகர்களே! எத்தனையோ பேரை மேலும் கெடுத்த சிறைச்சாலை, அவருக்குப் பள்ளிக்கூடமாயிற்று. அகராதியைப் பக்கம் பக்கமாகத் தம் கையால் எழுதிச் சொற்களைக் கற்றார். விளக்கணைத்த பின்னரும் தாழ்வாரத்திலிருந்து வந்த மங்கிய ஒளியில் வரலாற்று நூல்களைப் படித்தார். அங்கிருக்கையில் தம் உடன்பிறந்தோர் வாயிலாக, எலைஜா முஹம்மத் தலைமையில் இயங்கிய 'நேஷன் ஆஃப் இஸ்லாம்' இயக்கத்தை அறிந்து அதில் இணைந்தார். 1952-இல் விடுதலையானதும், அடிமை எஜமானர்கள் சூட்டிய லிட்டில் என்னும் பெயரை நீக்கி, தம் முன்னோரின் அறியப்படாத பெயருக்கு அடையாளமாக 'எக்ஸ்' என்னும் எழுத்தை ஏற்றார். 1954-இல் ஹார்லம் பகுதிப் பள்ளியின் பொறுப்பு அவரிடம் வந்தது.

மது, போதை, விபசாரம் ஆகியவற்றிலிருந்து பல்லாயிரவரை அவ்வியக்கம் மீட்டது உண்மையே. ஆயினும் அதன் போதனை இஸ்லாத்தின் அடிப்படைக்கே முரணானது. மனிதர் ஒருவரை இறைவனின் வடிவம் என்றது. எலைஜாவை இறைத்தூதர் என்றது. வெள்ளையர் அனைவரும் பிறவியிலேயே ஷைத்தான்கள் என்றது. ஏகத்துவத்துக்கும், நபிகள் நாயகம் (ஸல்) அவர்களே இறுதித் தூதர் என்னும் நம்பிக்கைக்கும், மனிதர் யாவரும் ஆதம் (அலை) அவர்களின் மக்கள் என்னும் உண்மைக்கும் இவை எதிரானவை. இவற்றையே பன்னிரண்டு ஆண்டுகள் மால்கம் தம் ஒப்பற்ற நாவன்மையால் பரப்பினார் என்பதையும் நாம் மறைத்தலாகாது.

தலைவரின் தனி வாழ்வைப் பற்றி அறிந்த செய்திகள் அவருடைய உள்ளத்தை உடைத்தன. 1964 மார்ச்சில் இயக்கத்தை விட்டு விலகினார். அம்மாதம் 26-ஆம் நாள் வாஷிங்டனில், சிவில் உரிமை மசோதா விவாதத்தின்போது, டாக்டர் மார்ட்டின் லூதர் கிங்கைச் சந்தித்தார். அவ்விருவரும் நேருக்கு நேர் கண்டது அந்த ஒரே முறைதான். மறு மாதம், தமக்கை எல்லா அளித்த பண உதவியுடன் ஹஜ்ஜுக்குப் புறப்பட்டார்.

ஜித்தா விமான நிலையத்தில் அமெரிக்கக் கடவுச்சீட்டைக் கண்ட அதிகாரிகள், அவர் உண்மை முஸ்லிம்தானா என விசாரிக்க நிறுத்தி வைத்தனர். முஸ்லிம் போதகர் என்று நாடெங்கும் அறியப்பட்டவருக்கு, முறைப்படி தொழத் தெரியவில்லை! அத்தஹிய்யாத்தில் அமரப் பழகாத கால்கள் வலித்தன. உடன் இருந்தோரைப் பார்த்துப் பார்த்துச் சிறுபிள்ளைபோல் கற்றுக்கொண்டார். எகிப்தைச் சேர்ந்த அறிஞர் அப்துர் ரஹ்மான் அஸ்ஸாம், முன்பின் அறியாத அவருக்குத் தமது விடுதி அறையையே விட்டுக்கொடுத்தார். தோலால் வெள்ளையராகத் தோன்றிய ஒருவரின் இந்த விருந்தோம்பல் மால்கமைத் திகைக்க வைத்தது.

இஹ்ராம் உடையில் மன்னரும் ஏழையும் ஒன்றாயினர். நீல விழியினரோடு ஒரே தட்டில் உண்டார். ஒரே குவளையில் பருகினார். ஒரே விரிப்பில் உறங்கினார். அரபியருக்கு அரபியரல்லாதார் மீதோ, வெள்ளையருக்குக் கறுப்பர் மீதோ இறையச்சத்தால் அன்றி மேன்மை இல்லை என்று நாயகம் (ஸல்) அவர்கள் தம் இறுதி ஹஜ்ஜில் அறிவித்த சமத்துவத்தை அவர் கண்ணாரக் கண்டார். கண்டதை நெஞ்சோடு வைத்துக்கொள்ளவில்லை. தம் பழைய கருத்துகள் பலவற்றைக் கைவிட வேண்டியவராயினார் என்று மக்காவிலிருந்தே நண்பர்களுக்கும் பத்திரிகைகளுக்கும் மடல் எழுதினார்.

அதன் விலை என்ன என்பதை அவர் அறிந்தேயிருந்தார். பழைய தோழர்கள் துரோகி என்றனர். ஆயினும் அவர் போராட்டத்தைக் கைவிட்டாரில்லை. வெள்ளையர் இனத்தை வெறுப்பதை விட்டார். நிறவெறியை எதிர்ப்பதை விடவில்லை. தாக்கப்படுவோர்க்குத் தற்காப்புரிமை உண்டு என்பதில் டாக்டர் கிங்கின் அஹிம்சை வழியினின்று வேறுபட்டே நின்றார். 1964 ஜூலை 2-ஆம் நாள் சிவில் உரிமைச் சட்டம் பிறந்தது. அம்மாதமே கெய்ரோவில் கூடிய ஆப்பிரிக்க நாட்டுத் தலைவர்களிடம், தம் மக்களின் வழக்கை மனித உரிமை வழக்காக ஐக்கிய நாடுகள் சபைக்குக் கொண்டுசெல்ல வேண்டினார். 1965 பிப்ரவரி 4-ஆம் நாள், டாக்டர் கிங் சிறையில் இருக்கையில், செல்மா நகருக்குச் சென்று வாக்குரிமைப் போராட்டத்துக்கு ஆதரவாகப் பேசினார்.

அதே மாதம் 14-ஆம் நாள், மனைவி பெட்டியும் பெண்மக்களும் உறங்கிக்கொண்டிருந்த வீட்டின்மீது தீக்குண்டுகள் வீசப்பட்டன. ஒரு வாரம் கழித்து, 21-ஆம் நாள், நியூயார்க்கின் ஆடுபான் மண்டபத்தில் பேசத் தொடங்கியபோது சுட்டுக் கொல்லப்பட்டார். அப்போது அவருக்கு வயது 39. குற்றவாளிகள் எனத் தண்டிக்கப்பட்ட மூவருள் இருவர் நிரபராதிகள் என்று 2021-இல் நீதிமன்றம் அறிவித்தது. நீதிக்காக வாழ்ந்தவரின் கொலை வழக்கிலேயே நீதி 55 ஆண்டுகள் தாமதித்தது!

1975-இல் எலைஜா மறைந்தபின், அவருடைய மகன் வாரிஸ் தீன் முஹம்மத் இயக்கத்தாரில் பெரும்பாலோரை நேரிய இஸ்லாத்தின்பால் அழைத்துச் சென்றார். மால்கம் தனித்துக் கடந்த பாதையில் பின்னர் பெருங்கூட்டமே நடந்தது.

வாசகர்களே! இன்று ஜும்ஆத் தொழுகையில் தோளோடு தோள் சேர்ந்து நின்ற நாம், பள்ளிவாசலின் படி இறங்கியதும் அந்த அணியைக் கலைத்துவிடுகின்றோமா? கடையில், அலுவலகத்தில், திருமணப் பேச்சில் நிறமும் குலமும் செல்வமும் பார்க்கின்றோமா? நம் தவறு நமக்கே புலப்படும்போது அதை ஒப்புக்கொள்ளும் துணிவு நமக்கு உண்டா? உலகப் புகழ் பெற்ற பின்னரும் தொழக் கற்றுக்கொள்ள நாணாத அம்மனிதரின் வாழ்வு இக்கேள்விகளை நம்முன் வைக்கின்றது. நமக்கு எதிராகவேனும் நீதிக்குச் சாட்சி சொல்லும் நெஞ்சுரத்தை வல்ல அல்லாஹ் நம் அனைவருக்கும் தந்தருள்வானாக! ஆமீன்.