ஜப்பானியரைப் பர்மியராக்கிய ஹாலிவுட்: நடிகர் ஹயகாவாவின் வாழ்க்கை

புது தில்லி: 1918-ஆம் ஆண்டில் அமெரிக்கத் திரைப்பட நிறுவனம் ஒன்று, மூன்று ஆண்டுகளுக்கு முன் தான் வெளியிட்ட ஊமைப் படத்தை மீண்டும் திரைக்குக் கொண்டு வந்தது. நடிகர்கள் அவர்களேதான், கதையும் அதேதான். இடையிடையே வரும் எழுத்து அட்டைகளில் மட்டும் வில்லனின் பெயரும் நாடும் மாற்றப்பட்டிருந்தன. ஹிஷுரு டோரி என்ற ஜப்பானியத் தந்த வியாபாரி, ஹாகா அரகாவ் என்ற பர்மியத் தந்த வியாபாரி ஆகியிருந்தார். முதல் உலகப் போரில் ஜப்பான் அமெரிக்காவின் நேச நாடாகி விட்டதால், அந்நாட்டவரைக் கொடியவராகக் காட்டுவது உசிதமல்ல என்று கருதப்பட்டது. பர்மாவோ அப்போது தில்லியிலிருந்து ஆளப்பட்ட பிரிட்டிஷ் இந்தியாவின் ஒரு மாகாணம். அடிமை நாட்டவரின் மனம் புண்படுமே என்ற கவலை எவருக்கும் எழுந்ததாகத் தெரியவில்லை.

எழுத்து அட்டையின் தயவால் இவ்வாறு நாடு மாறியவர் செஷ்ஷூ ஹயகாவா. ஹாலிவுட்டில் நட்சத்திர அந்தஸ்து பெற்ற முதல் ஆசிய நடிகர்.

ஜப்பானின் சிபா மாகாணத்துக் கடற்கரைக் கிராமம் ஒன்றில் 1886 ஜூன் 10-ஆம் தேதி பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் கின்டாரோ. இளமைப் பருவம் குறித்து அவரே சொன்ன கதைகள் பல. கடற்படையில் சேரும் கனவு காதில் ஏற்பட்ட காயத்தால் கலைந்ததாகவும், அந்த அவமானம் தாளாமல் வயிற்றைக் கிழித்துத் தற்கொலைக்கு முயன்றதாகவும், தந்தை கதவை உடைத்துக் காப்பாற்றியதாகவும் 1960-இல் வெளியான தன்வரலாற்றில் குறிப்பிட்டார். சிகாகோ பல்கலைக்கழகத்தில் படித்ததாகவும் கூறிக் கொண்டார். இவற்றில் பலவற்றைப் பின்னாளைய ஆய்வாளர்கள் ஐயத்துடனேயே பார்க்கின்றனர். நட்சத்திரங்களின் பூர்வ கதையில் கற்பனை கலப்பது நமக்குப் புதிதல்லவே.

லாஸ் ஏஞ்சலீஸ் நகரில் ஜப்பானியக் குடியேறிகளின் நாடக மேடையில் நடித்துக் கொண்டிருந்தவரைத் தயாரிப்பாளர் தாமஸ் இன்ஸ் திரைக்கு அழைத்து வந்தார். 1914-இல் ஜப்பானின் சகுரஜிமா எரிமலை வெடித்ததைப் பின்னணியாகக் கொண்ட 'தி ரெத் ஆஃப் தி காட்ஸ்', மேடை நாடகமொன்றைத் தழுவிய 'தி டைபூன்' ஆகிய படங்களில் நடித்தார். அதே ஆண்டு மே மாதம், உடன் நடித்த சுரு அவோக்கியை மணந்தார்.

மறு ஆண்டு, செசில் பி. டிமில் இயக்கிய 'தி சீட்' அவரை ஒரே படத்தில் உச்சிக்குக் கொண்டு சென்றது. அறக்கட்டளைப் பணத்தைப் பங்குச் சந்தையில் தொலைத்துவிட்ட செல்வச் சீமாட்டி ஒருத்தி, ஜப்பானிய வியாபாரியிடம் கடன் பெறுகிறாள். கடனைத் திருப்பித் தர வருபவளின் தோளில், தன் உடைமைப் பொருளுக்கு இடுவது போல் அவன் பழுக்கக் காய்ச்சிய இரும்பால் சூடு வைக்கிறான். படத்தின் முடிவில் நீதிமன்றத்தில் கூடிய வெள்ளையர் கூட்டம் அவனை அடித்துக் கொல்லப் பாய்கிறது. லாஸ் ஏஞ்சலீஸ் ஜப்பானியர்களின் பத்திரிகையான 'ராஃபு ஷிம்போ' கடுமையாக எதிர்த்தது. இனத் துரோகி என்ற வசை அவர் மீது விழுந்தது. ஆனால், கைகளை வீசி, மார்பில் அடித்துக் கொண்டு நடிப்பதே வழக்கமாயிருந்த அக்காலத்தில், அசையாது நின்று கண்களால் மட்டுமே பேசிய அவரது நடிப்பில் ரசிகைகள் மயங்கினர். பாரிஸில் எழுத்தாளர் கொலெட் முதலானோர் புகழ்ந்து எழுதினர்.

வில்லனாகவோ, வெள்ளைக்காரப் பெண்ணுக்காகக் காதலைத் தியாகம் செய்பவனாகவோ மட்டுமே நடிக்க நேர்ந்ததில் அவருக்கு மனநிறைவு இல்லை. 1918-இல் ஹாவொர்த் என்ற சொந்த நிறுவனத்தைத் தொடங்கினார். மூன்றாண்டுகளில் சுமார் இருபது படங்கள் வெளிவந்தன. 1919-இல் வந்த 'தி டிராகன் பெயிண்டர்' அவற்றில் குறிப்பிடத்தக்கது. அதில் அவர் கொடியவர் அல்லர். காணாமற்போன காதலியைத் தேடித் தேடி மலைகளை வரையும் ஓவியர். மனைவி அவோக்கியே கதாநாயகி. கோட்டை போன்ற அவரது மாளிகையில் நடந்த விருந்துகள் அக்கால ஹாலிவுட்டின் பேச்சாக இருந்தன.

ஆனால் மாளிகைக்கு வெளியே காற்று வேறு விதமாக வீசியது. ஜப்பானியர் நிலம் வாங்குவதைத் தடுக்க கலிஃபோர்னியா 1913-இலும் 1920-இலும் சட்டம் இயற்றியது. ஜப்பானியர் வெள்ளையர் அல்லர், எனவே குடியுரிமை பெற இயலாது என்று 1922 நவம்பரில் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. மூன்றே மாதங்களில் அதே நீதிமன்றம், அமெரிக்க ராணுவத்தில் பணியாற்றிய பகத் சிங் திந்த் என்ற பஞ்சாபியருக்கும் அதே கதவை அடைத்தது. 1924-இல் ஜப்பானியர் குடியேறுவதே தடை செய்யப்பட்டது. தொழில் கூட்டாளிகளுடன் பிணங்கிய ஹயகாவா 1922-இலேயே ஹாலிவுட்டை விட்டு வெளியேறியிருந்தார். அந்நாட்டின் திரையரங்குகளை நிரப்பியவர், சட்டத்தின் பார்வையில் அந்நாட்டின் குடிமகனாகத் தகுதியற்றவர்.

பிறகு பாரிஸ், லண்டன், டோக்கியோ என்று அலைந்தார். பேசும் படத்தில் ஒரு முறை அமெரிக்கா திரும்பி, 1931-இல் அன்னா மே வோங்குடன் 'டாட்டர் ஆஃப் தி டிராகன்' படத்தில் நடித்தார். 1937-இல் பிரான்ஸில் 'தி சீட்' மீண்டும் எடுக்கப்பட்டபோது, சூடு வைக்கும் பாத்திரத்தை ஐம்பது வயது கடந்த அவரே ஏற்றார். இம்முறை கதைக்களம் மங்கோலியா. போர் மூண்டதும், குடும்பம் ஜப்பானில் இருக்க, ஜெர்மனியின் பிடியிலிருந்த பாரிஸில் சிக்கிக் கொண்டார். நீர்வண்ண ஓவியங்களை விற்று வாழ்ந்தார்.

1949-இல் 'டோக்கியோ ஜோ' படத்துக்காக நடிகர் ஹம்ஃப்ரி போகார்ட்டின் நிறுவனம் அவரைத் தேடிப் பிடித்தது. அடுத்த ஆண்டு 'த்ரீ கேம் ஹோம்' படத்தில், போர்னியோ சிறை முகாமின் தளபதியாக, ஹிரோஷிமாவில் குடும்பத்தைப் பறிகொடுத்தவராக நடித்தார். 1957-இல் டேவிட் லீன் இயக்கிய 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்' வந்தது. கைதிகளைக் கொண்டு பாலம் கட்டும் கர்னல் சைட்டோ வேடம். பிரிட்டிஷ் அதிகாரியிடம் பணிந்த பின், தனிமையில் அவர் குலுங்கி அழும் காட்சி ஒன்று போதும். துணை நடிகருக்கான ஆஸ்கர் விருதுக்கு அவர் பெயர் பரிந்துரைக்கப்பட்டது. படம் ஏழு விருதுகளைப் பெற்றது, அவருக்குக் கிடைக்கவில்லை.

இப்படத்தைத் தமிழர்கள் வெறும் பொழுதுபோக்காகப் பார்க்க இயலாது. 1942-43 ஆண்டுகளில் ஜப்பானிய ராணுவம் சயாமிலிருந்து பர்மாவுக்கு அமைத்த 415 கிலோ மீட்டர் ரயில் பாதையில் சுமார் 12,000 நேச நாட்டுப் போர்க் கைதிகள் மடிந்தனர். அங்கு வேலைக்குக் கொண்டு செல்லப்பட்ட ஆசியத் தொழிலாளர்களில் மாண்டவர்கள் அதைப்போல் பல மடங்கு. 90,000 வரை இருக்கலாம் என்பது ஒரு மதிப்பீடு. அவர்களுள் பல்லாயிரம் பேர் மலாயா ரப்பர் தோட்டங்களிலிருந்து சென்ற தமிழர்கள். மலேசியத் தமிழர்களிடையே அது இன்றும் சயாம் மரண ரயில். படத்தில் அந்தத் தமிழர்களுக்கு இடமே இல்லை. ஜப்பானியப் பொறியாளர்களுக்குப் பாலம் கட்டத் தெரியாது என்பது போலவும், பிரிட்டிஷாரே கற்பித்தது போலவும் கதை செல்கிறது. உண்மையில் பாலங்களை வடிவமைத்தவர்கள் ஜப்பானியர்களே. படப்பிடிப்பு நடந்ததோ இலங்கையில், களனி ஆற்றங்கரையிலுள்ள கித்துல்கலவில்.

1961-இல் மனைவி காலமானார். அக்காலகட்டத்தில் ஹயகாவா ஜென் பௌத்த குருவானார்; நடிப்பையும் அறவே விட்டுவிடவில்லை. 1973 நவம்பர் 23-ஆம் தேதி டோக்கியோவில், 87-ஆவது வயதில் மறைந்தார்.

அவரது ஊமைப் படங்களில் பெரும்பாலானவை அழிந்துவிட்டன. அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் 1993-இல் 'தி சீட்' படமும், 2014-இல் 'தி டிராகன் பெயிண்டர்' படமும் சேர்க்கப்பட்டன. 'தி சீட்' படத்தில் இன்று பரவலாகக் காணக் கிடைப்பது 1918-ஆம் ஆண்டின் பிரதியே. அதில் அவர் இன்னமும் பர்மியர்தான்.