யாழ் நரம்பும் சதுரத்தாளும்: விபுலாநந்த அடிகள்

கிழக்கிலங்கைக் காரைதீவிலே 1892 ஆம் ஆண்டு பங்குனித் திங்களிற் சாமித்தம்பியார்க்கும் கண்ணம்மையார்க்கும் மகவாய்த் தோன்றிய மயில்வாகனனாரே பின்னாளில் விபுலாநந்த அடிகள் எனத் தமிழுலகம் போற்ற விளங்கியவர். அடிகளைத் துறவி என்றும் புலவர் என்றும் பேசுவார் பலர். அவர் விஞ்ஞானப் பட்டதாரி என்பதை நினைப்பார் சிலரே. இம் மலரைக் கையிலெடுக்கும் மாணவர் பொருட்டு, மறந்துபோன அப் பகுதியையே ஈண்டுச் சிறிது விரித்துரைக்க விழைகின்றோம்.

கல்முனையிலும் மட்டக்களப்பு அர்ச். மிக்கேல் கல்லூரியிலும் பயின்ற மயில்வாகனனார், பதினாறாம் வயதிலே கேம்பிரிட்ஜ் சீனியர் பரீட்சையிற் சித்தியெய்தினார். பின்னர் கொழும்பில் ஆசிரியப் பயிற்சியும் தொழில்நுட்பக் கல்லூரியில் விஞ்ஞானப் பயிற்சியும் பெற்றார். 1916 இல் விஞ்ஞான டிப்ளோமாவும் மதுரைத் தமிழ்ச் சங்கத்துப் பண்டிதப் பட்டமும் ஒரே ஆண்டில் அவரை வந்தடைந்தன. இன்று இவ்விரண்டிலொன்றைக் கற்போர் மற்றதன் பக்கம் தலைவைத்தும் படுப்பதில்லை! யாழ்ப்பாணம் அர்ச். பத்திரிசியார் கல்லூரியில் விஞ்ஞானம் கற்பித்து, இலண்டன் பல்கலைக்கழகப் பட்டமும் பெற்று, மானிப்பாய் இந்துக் கல்லூரியின் அதிபரானார். பதவியும் ஊதியமும் கைகூடிய அவ்வேளையில், 1922 இல், யாவற்றையும் விடுத்துச் சென்னை மயிலாப்பூரிலுள்ள இராமகிருஷ்ண மடம் புகுந்தார். 1924 இல் துறவு பூண்டார்.

துறந்தவர் கணக்கைத் துறக்கவில்லை. 1931 இல் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் முதற் தமிழ்ப் பேராசிரியரானார். 1943 இல் இலங்கைப் பல்கலைக்கழகத்திலும் அதே முதலிடம் அவருக்கு வாய்த்தது. இடையே 1936 இற் சென்னையிற் கூடிய கலைச்சொல்லாக்க மாநாட்டிற்குத் தலைமை தாங்கினார். அம் மாநாட்டின் பயனை நாம் குறைத்து மதித்தலாகாது. அக்காலத்தில் உயர் வகுப்புக் கணிதமும் விஞ்ஞானமும் ஆங்கிலத்திலேயே நடந்தன. முந்தல் போன்ற கரையோரச் சிற்றூரிற் பிறந்து ஆங்கிலப் பள்ளிப் படியேறாத பிள்ளைக்குச் சமன்பாடும் வரைபும் எட்டாக்கனி. அறிவுக் குறைவினால் அன்று, சொல் இன்மையால் அக்கதவு அடைபட்டிருந்தது. 1950 களில் நமது இடைநிலை வகுப்புக்கள் தாய்மொழிக்கு மாறியபோது தமிழ்க் கலைச்சொற்கள் வெறுங்கையாய் நில்லாமைக்கு, அடிகள் போன்றோர் முன்னரே உழைத்திருந்தமை ஒரு காரணம்.

ஏறத்தாழப் பதினான்கு ஆண்டு உழைத்து அவர் ஆக்கிய யாழ் நூலிலேதான் புலவரும் கணிதரும் ஒருவராய் நிற்கக் காண்கின்றோம். சிலப்பதிகார அரங்கேற்று காதையிற் பொதிந்த இசைக்குறிப்புக்களைக் கொண்டு, வழக்கொழிந்த யாழ்களின் அமைப்பையும், 22 அலகுகளின் விகிதங்களையும் கணித்து நிறுவினார். முந்தலையடுத்த உடப்புக் கரையில் வலையிழுப்போர் பாடும் அம்பாவைக் கேட்டு வளர்ந்த பிள்ளைக்கு, சுருதி விலகினாற் காது உடனே காட்டிக்கொடுக்கும். எத்துணை விலகிற்று என்பதைக் காட்ட எண் வேண்டும். அடிகள் அவ்வெண்ணையே தேடினார்.

அவரது நூலிற் புகுவதற்கு முன்னர் மாணவர் ஒரு சதுரத்தாளை எடுத்துக்கொள்வாராக. தடிப்பும் இழுவையும் மாறாத நரம்பொன்றில், நீளமும் மீடிறனும் நேர்மாறு விகிதசமமானவை. 36 அங்குல நரம்பு எழுப்பும் ஒலியைக் குரல் எனவும் அதன் மீடிறனை 1 எனவும் கொள்வோம். மீடிறனை ம எனவும், நீளத்தை நீ எனவும் குறித்தால், ம × நீ = 36 என்பதே நமது சமன்பாடு. உழையின் மீடிறன் 4/3. எனவே நீளம் 27 அங்குலம். இளிக்கு 3/2, நீளம் 24. மேற்குரலுக்கு 2, நீளம் 18.

கிடையச்சிற் 12 சிறு கட்டங்களை 1 எனக் கொள்க. நிலைக்குத்தச்சில் ஒரு கட்டம் ஓர் அங்குலமாகுக. குரல் 12 ஆம் கட்டத்திற்கு நேரே 36 உயரத்தில் அமையும். உழை 16 இல் 27. இளி 18 இல் 24. மேற்குரல் 24 இல் 18. இவ்வாறு எண்ணிரட்டையைப் புள்ளியாக்கும் முறை, பிரெஞ்சு அறிஞர் டேக்கார்ட்டு 1637 இல் வெளியிட்ட கேத்திரகணித நூலின் வழியே வளர்ந்தது. அவர் தாமே இன்றைய செங்குத்தச்சுக்களை எப்போதும் வரைந்தாரல்லர். அது பின்வந்தோர் திருத்தம்.

இனிப் புள்ளிகளை இணைக்க வேண்டும். இங்கேதான் பலர் இடறுவர். முதற் புள்ளியையும் ஈற்றுப் புள்ளியையும் அடிமட்டத்தால் இணைத்துவிட்டால், 18 ஆம் கட்டத்தில் அக்கோடு 27 அங்குலங் காட்டும். அந்நீளத்தில் நரம்பு கட்டினால், இளி ஒலிக்கவேண்டிய இடத்தில் உழை ஒலிக்கும்! இடைப்புள்ளிகளைக் கணித்துக் குறித்தவனே கோடு உள்நோக்கி வளைவதைக் காண்பான். அதிபரவளைவு என்பது இதுவே. மீடிறன் 3 ஆகும்போது நீளம் 12, 4 ஆகும்போது 9. வளைவு அச்சை நெருங்குமேயன்றித் தொடாது. நரம்பே இல்லாத யாழ் ஒலியாதன்றோ! இவ் வரைபு நாம் போட்டது. அடிகளின் நூலில் விகிதங்களே பேசும். அவற்றை இவ்வாறு தாளிலிட்டுப் பார்த்தவர்க்கு அந்நூலின் கடினம் பாதி தீரும்.

யாழ் நூல் 1947 ஆம் ஆண்டு யூன் 5 ஆம் நாள் சோழநாட்டுத் திருக்கொள்ளம்பூதூர்த் திருக்கோயிலில் அரங்கேறியது. கணக்கிலிருந்த இசை அன்று அடிகளின் செவிக்கே எட்டிற்று. யூலை 19 இற் கொழும்பில் அவர் இறையடி சேர்ந்தார். அரங்கேற்றத்திற்கும் மறைவிற்கும் இடையே 44 நாட்களே. 1929 இல் அவர் திறந்துவைத்த மட்டக்களப்புச் சிவானந்த வித்தியாலய வளவிலே அவரது திருமேனி அடக்கஞ் செய்யப்பட்டது.