கொங்கு மண்ணின் சின்னமலை!

குழந்தைகளே... காங்கேயம் பக்கம் போயிருக்கிறீர்களா? அங்கே சிவன்மலை இருக்கிறது. கொஞ்ச தூரத்தில் சென்னிமலை. இரண்டு மலை மேலும் முருகன் கோவில். ஆனால், இவற்றுக்கு நடுவே சின்னமலை என்று ஒரு மலையைத் தேடினால் கிடைக்காது. ஏனென்றால், அது மலையின் பெயர் அல்ல. ஒரு மனிதரின் பெயர்! (சென்னையில், சைதாப்பேட்டை அருகே உள்ள சின்னமலை வேறு, குழப்பிக் கொள்ளாதீர்கள்.)

அந்த மனிதரின் இயற்பெயர் தீர்த்தகிரி. காங்கேயம் அருகே மேலப்பாளையம் என்ற ஊரில், 1756ம் ஆண்டு, ஏப்ரல் 17ல் பிறந்தார். தந்தை பெயர் ரத்தினம்; தாய் பெரியாத்தா. சிறு வயதிலேயே சிலம்பம், வாள் வீச்சு, வில், குதிரை ஏற்றம் எல்லாம் கற்றுக் கொண்டார். தான் கற்றதோடு நிற்காமல், ஊர் இளைஞர்களையும் சேர்த்துப் பழக்கினார்.

அவர் பிறந்த 1756ம் ஆண்டை மட்டும் கொஞ்சம் நினைவில் வைத்துக் கொள்ளுங்கள். அதே ஆண்டில் தான், பல ஆயிரம் மைல்களுக்கு அப்பால் ஐரோப்பாவில், இங்கிலாந்தும், பிரான்சும் பெரிய போர் ஒன்றைத் தொடங்கின. ஏழு ஆண்டுகள் நடந்ததால், அதற்கு ஏழாண்டுப் போர் என்றே பெயர். கடல் வணிகம் யாருக்கு, வெளிநாடுகளில் பிடித்த நிலம் யாருக்கு என்பது தான் சண்டை. ஐரோப்பாவில் மூண்ட நெருப்பு, அமெரிக்காவில் எரிந்தது. நம்ம வந்தவாசியிலும் எரிந்தது. 1760ல் வந்தவாசியில் பிரெஞ்சுப் படை தோற்றது. அடுத்த ஆண்டு புதுச்சேரியும் ஆங்கிலேயர் கைக்குப் போனது. சமாதானம் ஆனபின் புதுச்சேரியைத் திருப்பிக் கொடுத்தார்கள். ஆனால், பகை மட்டும் போகவில்லை.

காங்கேயத்தில் தொட்டிலில் கிடந்த குழந்தைக்கும், இதற்கும் என்ன சம்பந்தம் என்கிறீர்களா? இருக்கிறது.

அந்தக் காலத்தில் கொங்கு நாடு மைசூர் ஆட்சியில் இருந்தது. மைசூரை 1761 முதல் ஐதர் அலி ஆண்டார். சென்னையிலோ கிழக்கிந்திய கம்பெனி. பெயர் தான் கம்பெனி. படை, பீரங்கி, வரி வசூல் எல்லாம் அதனிடம் இருந்தது. மைசூர் வளர வளர, கம்பெனிக்குப் பயம். கம்பெனி வளர வளர, மைசூருக்குப் பயம். பயந்தவர் துணை தேடுவார் அல்லவா? ஐதர் அலி, ஆங்கிலேயரின் எதிரியான பிரெஞ்சுக்காரரைத் துணைக்குச் சேர்த்தார். உடனே, கம்பெனியின் பயம் இரட்டிப்பானது.

மைசூருக்கும், கம்பெனிக்கும் நான்கு போர்கள் நடந்தன. முதல் போர், 1769ல் முடிந்தபோது, ஒருவருக்கு ஆபத்து என்றால் மற்றவர் உதவ வேண்டும் என்று ஒப்பந்தம் போட்டார்கள். அடுத்த ஆண்டே மராத்தியர் மைசூர் மீது பாய்ந்தனர். கம்பெனி உதவிக்கு வரவில்லை. ஐதர் அலி அதை மறக்கவே இல்லை. பத்து ஆண்டு கழித்து, மேற்குக் கடற்கரையில் இருந்த பிரெஞ்சுத் துறைமுகமான மாஹியை ஆங்கிலேயர் பிடித்தனர். ஐதர் அலிக்கு ஆயுதங்கள் வந்து இறங்கிய துறைமுகம் அது. 1780ல் இரண்டாவது போர் மூண்டுவிட்டது.

இப்போது வரைபடத்தை எடுத்துப் பாருங்கள். மேற்குத் தொடர்ச்சி மலையில் பெரிய இடைவெளி ஒன்று இருக்கும், பாலக்காட்டுக் கணவாய். அதன் வாசலில் இருப்பது கோவை. வடக்கே, கஜலஹட்டி கணவாய் வழியாக மைசூர் மேட்டிலிருந்து சத்தியமங்கலத்துக்கு இறங்கலாம். மைசூரிலிருந்து தமிழகத்துக்கு வரவும், கிழக்கிலிருந்து மலபாருக்குப் போகவும் கொங்கு தான் வழி. வழியில் இருப்பவனுக்கு நிம்மதி ஏது?

கோவைக் கோட்டை பட்ட பாட்டைக் கேளுங்கள். 1783ல், கம்பெனியின் தளபதி புல்லர்டன் பிடித்தார். 1784ல் சமாதானம், மைசூருக்கே திரும்பியது. 1790ல் மூன்றாவது போர். மீண்டும் கம்பெனி பிடித்தது. அதே ஆண்டு செப்டம்பரில், ஐதர் அலியின் மகன் திப்பு சுல்தான், கஜலஹட்டி வழியாக இறங்கி, சத்தியமங்கலத்தில் கம்பெனிப் படையோடு மோதினார். ஈரோடு, தாராபுரம் அவர் கைக்கு வந்தன. 1791ல், கோவையை இரண்டு முறை முற்றுகையிட்டு மீட்டது மைசூர் படை. 1799ல் மறுபடியும் கம்பெனி! பதினாறு ஆண்டில், ஐந்து முறை கை மாறியது ஒரே ஊர். அந்தக் கோட்டை இப்போது இல்லை. கோட்டைமேடு என்ற பெயரும், கோட்டை ஈஸ்வரன் கோவிலும் தான் மிச்சம்.

படை வரும் வழியில் உள்ள கிராமத்தை நினைத்துப் பாருங்கள். பீரங்கி இழுக்க மாடு வேண்டும். படைக்குச் சோறு வேண்டும். குதிரைக்குத் தீனி வேண்டும். எந்தப் படை வந்தாலும், களத்து மேட்டில் இருக்கும் தானியம் ஒன்று தானே! இப்படிப்பட்ட ஊரில் தான் தீர்த்தகிரி இளைஞரானார்.

அவரைப் பற்றி ஊர் ஊராகச் சொல்லும் கதை ஒன்று உண்டு. கொங்கு மக்களிடம் வசூலித்த வரிப் பணத்தை, மைசூர் அதிகாரியின் ஆட்கள் எடுத்துப் போனார்கள். தீர்த்தகிரி அவர்களை வழிமறித்து, பணத்தைப் பறித்து, ஏழைகளுக்குக் கொடுத்து விட்டார். யார் பறித்தது என்று கேட்டால், சென்னிமலைக்கும், சிவன்மலைக்கும் நடுவில் உள்ள சின்னமலை பறித்ததாகப் போய்ச் சொல்லும்படி அனுப்பி வைத்தாராம். அன்று முதல், தீர்த்தகிரி, சின்னமலை ஆனார். பின்னாளில் வீரத்தைக் குறிக்கும் தீரன் என்ற சொல்லும் சேர்ந்து கொண்டது.

இங்கே தான் விஷயமே! மைசூருக்கு வரி கொடுக்க மறுத்த அதே சின்னமலை, பிறகு திப்பு சுல்தானின் பக்கம் நின்றார். ஏன் மாறினார்? நண்பராகி விட்டார் என்று ஒரு வரியில் முடித்து விடுவார்கள். எனக்கு அது போதவில்லை. இரண்டு பெரியவர்கள் மோதும்போது, நடுவில் இருக்கும் சிறியவர், யாரால் தனக்கு ஆபத்து அதிகம் என்று கணக்குப் போட்டே ஆக வேண்டும். 1792ல் மூன்றாவது போர் முடிந்தபோது, திப்பு தன் நாட்டில் பாதியை இழந்தார். தன் மகன்களில் இருவரைப் பிணையாக அனுப்ப நேர்ந்தது. சேலம் பக்கமும், திண்டுக்கல் பக்கமும் கம்பெனிக்குப் போயின. கோவை மட்டும் திப்புவிடம் இருந்தது. கம்பெனி, சின்னமலையின் வீட்டுக்குப் பக்கத்திலேயே வந்துவிட்டது. அவருடைய கணக்கு, திப்புவின் பக்கம் சாய்ந்தது.

அடுத்து நடந்ததைக் கவனமாகப் படியுங்கள். ஐரோப்பாவில், 1793 முதல் இங்கிலாந்தும், பிரான்சும் மறுபடி போரில் இறங்கியிருந்தன. திப்பு, பிரெஞ்சு உதவி கேட்டு, ரகசியமாக இரண்டு தூதர்களை மொரீஷியஸ் தீவுக்கு அனுப்பினார். 1798, ஜனவரியில் அங்கே போய்ச் சேர்ந்தனர். அந்தத் தீவின் பிரெஞ்சு கவர்னர் மலார்த்திக் என்ன செய்தார் தெரியுமா? திப்புவுக்காக ஆங்கிலேயரை எதிர்த்துப் போரிட ஆள் வேண்டும் என்று, ஊரறிய அறிவிப்பு வெளியிட்டு விட்டார்! ரகசியம் போயே போச்சு. கிடைத்த ஆட்களோ, சுமார் 100 பேர்.

நூறு பேரை வைத்து எந்த ராஜ்ஜியத்தைப் பிடிக்க முடியும்? ஆனால், அறிவிப்பின் நகல் கல்கத்தாவுக்குப் போனது. அங்கே புதிதாக வந்திருந்த கவர்னர் ஜெனரல் வெல்லெஸ்லிக்கு, அந்த நூறு பேர் பின்னால் ஒரு பெரும் பிரெஞ்சுப் படை தெரிந்தது. அதே ஆண்டு நெப்போலியன் எகிப்தில் இறங்கினார். அங்கிருந்து இந்தியா வருவார் என்ற பேச்சு பரவியது. ஆகஸ்டில், ஆங்கிலேயக் கடற்படைத் தளபதி நெல்சன், நெப்போலியனின் கப்பல்களை எகிப்துக் கடற்கரையில் அழித்து விட்டார். அந்தச் செய்தியும் கல்கத்தாவுக்கு வந்து சேர்ந்தது. கப்பல் இல்லாமல் நெப்போலியன் எப்படி வருவார்? ஆனாலும், போர் ஏற்பாடு நிற்கவில்லை. பயம் ஒரு பக்கம். இது தான் சமயம் என்ற எண்ணம் இன்னொரு பக்கம்.

1799, ஜனவரியில், திப்புவுக்கு நெப்போலியன் ஒரு கடிதமும் எழுதினார். அது வழியிலேயே ஆங்கிலேயரிடம் சிக்கியது. திப்புவின் கைக்கு வரவே இல்லை.

நான்காவது போர், சில மாதங்களில் முடிந்தது. சின்னமலையும், கொங்குப் படையோடு மழவள்ளி, ஸ்ரீரங்கப்பட்டணம் போர்களில் மைசூருக்காகப் போரிட்டதாகக் கொங்கு வரலாறு சொல்கிறது. 1799, மே 4ல் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்தது. திப்பு போரிலேயே இறந்தார். கொங்கு நாடு கம்பெனியின் சொத்தானது.

சின்னமலை ஊர் திரும்பினார். சும்மா இருக்கவில்லை. அறச்சலூர் அருகே ஓடாநிலை என்ற இடத்தில் கோட்டை கட்டினார். பகைவரைக் கண்டு ஓடாமல் நிற்கும் இடம் என்பது தான் அந்தப் பெயருக்குச் சொல்லப்படும் பொருள். 1800ல், விருப்பாச்சி பாளையக்காரர் கோபால் நாயக்கரும், இன்னும் பலரும் சேர்ந்து, கம்பெனியை எதிர்க்கத் திட்டமிட்டனர். ஜூன் 3ல் கோவைக் கோட்டையைத் தாக்க முயன்றது, அந்தத் திட்டத்தின் ஒரு பகுதி. அது பலிக்கவில்லை; பிடிபட்ட பலரைத் தூக்கிலிட்டனர். மைசூர்ப் பக்கம் கம்பெனியை எதிர்த்த தூந்தாஜி வாக் என்ற வீரரும், செப்டம்பரில் கொல்லப்பட்டார். அவரை விரட்டிப் போனவர், கவர்னர் ஜெனரலின் தம்பி ஆர்தர் வெல்லெஸ்லி. 1815ல் வாட்டர்லூவில் நெப்போலியனைத் தோற்கடித்தவரும் இதே ஆர்தர் தான்!

துணைவர்கள் ஒவ்வொருவராகப் போன பிறகும், சின்னமலை விடவில்லை. 1801ல் காவிரிக் கரையிலும், 1802ல் ஓடாநிலையிலும், 1804ல் அறச்சலூரிலும் கம்பெனிப் படையை விரட்டியடித்ததாகக் கொங்கு மக்கள் பெருமையோடு சொல்வர்.

கடைசியில், பெரும் பீரங்கிகளோடு ஓடாநிலைக்கு வந்தது கம்பெனிப் படை. வந்து பார்த்தால், கோட்டை காலி! கம்பெனிப் படைக்குள்ளேயே இருந்த சின்னமலையின் ஆள் ஒருவர், செருப்புக்குள் ஓலையை மறைத்து வைத்து, முன்கூட்டியே தகவல் அனுப்பி விட்டாராம். ஆள் இல்லாத கோட்டையைச் சுட்டுத் தரைமட்டம் ஆக்கினர்.

சின்னமலை, தம்பிகளோடு பழனி மலைப் பக்கம் போய் மறைந்திருந்தார். அங்கே சமையல்காரனே காட்டிக் கொடுத்ததாகச் சொல்வர். பிடித்தவர்கள், சங்ககிரி மலைக் கோட்டைக்குக் கொண்டு போனார்கள். 1805, ஜூலை 31. ஆடிப் பெருக்கு நாள். தம்பிகளோடும், தளபதி கருப்ப சேர்வையோடும் அவரை அங்கே தூக்கிலிட்டனர். அப்போது, அவருக்கு வயது 49.

அடுத்த மூன்றே மாதத்தில், அக்டோபர் 21ல், ஸ்பெயின் கரைக்கு அப்பால் டிரபால்கரில், இங்கிலாந்தும், பிரான்சும் மறுபடி கடலில் மோதிக் கொண்டன. அவர்கள் சண்டை ஓய, இன்னும் பத்து ஆண்டுகள் ஆயின.

ஓடாநிலையில் இப்போது சின்னமலைக்கு மணிமண்டபம் இருக்கிறது. அவர் மறைந்த 200ம் ஆண்டில், 2005, ஜூலை 31ல், அஞ்சல் தலை வெளியிட்டார்கள். சங்ககிரி கோட்டைக்கு மலையேறித் தான் போக வேண்டும். விடுமுறையில் போனால், தண்ணீர் பாட்டில் எடுத்துப் போங்கள். ஆடி 18ல் போனால், அவருக்கு அஞ்சலி செலுத்த வரும் கூட்டத்தையும் பார்க்கலாம்.