ஈழத்துக் குறூசோ: றொபேட் நொக்ஸ்

தனித்தீவில் ஒதுங்கிய றொபின்சன் குறூசோவின் கதையை நம் மாணவர் அறிவர். 1719இல் வெளிவந்த அக்கதைக்கு வித்திட்டவற்றுள் ஒன்று, 1681இல் இலண்டனில் அச்சேறிய றொபேட் நொக்ஸின் இலங்கை வரலாற்று நூல் என்பர் அறிஞர்.

1659இல் மசூலிப்பட்டினத்தில் வீசிய புயல் அவர்தம் கப்பலின் பாய்மரத்தை வீழ்த்திற்று. பழுது நீக்கக் கொட்டியாரக்குடாவை அடைந்தவிடத்து, 1660இல், கப்பற்றலைவராகிய தந்தையும் 19 வயது மைந்தரும் உள்ளிட்ட பதினாறுபேரைக் கண்டியரசன் இராசசிங்கனின் ஆட்கள் சிறைப்பிடித்தனர். இடையே மகன் கப்பலுக்கு அனுப்பப்பட்டார். அங்குள்ளோரை எச்சரித்துவிட்டு அவர் அப்படியே தப்பியிருக்கலாம். தந்தைக்களித்த வாக்கின்பொருட்டு மீண்டும் கரைக்கே வந்தார். குறூசோவிடம் இத்தகைய செயலை நாம் காண்கிலோம்!

ஏனையோர் ஊருக்கொருவராய்ப் பிரிக்கப்பட்டனர். 1661இல் தந்தை காய்ச்சலால் இறந்தார். அதே நோயால் மெலிந்திருந்த மகன் அவரைப் புதைத்துவிட்டுத் தனியரானார். விலங்கில்லை, மதிலில்லை, சூழ்ந்திருந்த காடும் மலையுமே கடலாயின. தொப்பி பின்னி விற்றார். நெல்லை வட்டிக்குக் கொடுத்தார். ஒருகால் ஊரார் ஒருவர் ஆங்கில விவிலியமொன்றைக் கொணர, பின்னிய தொப்பியொன்றை ஈந்து அதனைப் பெற்றார்.

1679இல், தோழர் ஒருவருடன் அநுராதபுரக் காடுகளைக் கடந்து, அருவியாற்றோரமாக நடந்து, மன்னார்ப் பகுதியின் அரிப்பில் ஒல்லாந்தர் கோட்டையை அடைந்தார். அப்போது அவருக்கு வயது 38.