வெள்ளைக்காரன் மரத்தடியில்

எங்கள் ஊர் மூதூர். திருகோணமலைத் துறைமுகத்துக்குத் தெற்கே, கொட்டியாரக் குடாவின் கரையில் இருக்கிறது. சிறுவயதில் உம்மம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு போகும்போது, வெள்ளைக்காரன் மரம் என்ற இடத்தில் ஒரு நினைவுக்கல்லைக் காட்டுவார். அந்தக் காலத்தில் ஒரு வெள்ளைக்காரனை ராஜாவின் ஆட்கள் பிடித்துப்போன இடம் அது என்பார். அவன் என்ன குற்றம் செய்தான் என்று கேட்பேன். அது தனக்குத் தெரியாது என்று சிரிப்பார்.

உயர்தர வகுப்பில் வரலாறு படிக்கத் தொடங்கியபோது அந்தக் கேள்வி மறுபடியும் வந்தது. வாப்பா ஒரு பழைய ஆங்கிலப் புத்தகத்தைத் தேடிப்பிடித்துத் தந்தார். அகராதியைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு மெல்ல மெல்லப் படித்தேன். அதை எழுதியவர்தான் அந்த வெள்ளைக்காரர், றொபர்ட் நொக்ஸ்.

நொக்ஸ் 1641இல் லண்டனில் பிறந்தார். தந்தையின் பெயரும் அதுவே. தந்தை கிழக்கிந்தியக் கம்பனியின் ‘ஆன்’ என்ற கப்பலுக்குத் தலைவர். 1659 நவம்பரில் மசூலிப்பட்டினத்தில் அடித்த புயலில் அக்கப்பல் சேதமடைந்தது. அதைத் திருத்திக்கொள்ளவும் வியாபாரம் செய்யவும் கொட்டியாரத்துக்கு வந்தார்கள். கண்டியை ஆண்ட இரண்டாம் இராஜசிங்கன் அந்நியர் மீது ஐயம் கொண்டிருந்தான். 1656இல்தான் ஒல்லாந்தர் கொழும்பைப் பிடித்திருந்தார்கள். மன்னனுக்குக் கடிதமும் காணிக்கையும் அனுப்பாமல் வந்து தங்கிய இந்தக் கப்பலையும் அவன் நம்பவில்லை.

1660 ஏப்ரலில் தந்தையும் அவருடன் வந்தவர்களும் புளியமரத்தடியில் இருந்தபோது சுற்றிவளைக்கப்பட்டார்கள். மொத்தம் 16 பேர் கைதானார்கள். கப்பலையும் கைக்குள் கொண்டுவர, கரையிலிருந்து யாராவது போய்ச் செய்தி சொல்ல வேண்டும் என்றார்கள் மன்னனின் ஆட்கள். தந்தை மகனை அனுப்பினார். ஆனால் தம்மைத் தனியே விட்டுவிடாமல் திரும்பி வரவேண்டும் என்று ஆணையிட்டுக் கேட்டுக்கொண்டார். அப்போது மகனுக்கு 19 வயது. கப்பலில் ஏறியவர் அப்படியே தப்பிப் போயிருக்கலாம். அவரோ, கப்பலைக் காப்பாற்றிக்கொள்ளும்படி மாலுமிகளிடம் சொல்லிவிட்டுத் தந்தையிடமே திரும்பினார். இந்த இடத்தைப் படித்தபோது எனக்குக் கண் கலங்கியது.

விசாரணை இல்லை, குற்றச்சாட்டு இல்லை, தண்டனைக் காலமும் இல்லை. அவர்களைச் சிறையில் அடைக்காமல் கண்டி நாட்டுக் கிராமங்களில் பிரித்து வைத்தார்கள். ஊரார் சாப்பாடு கொடுக்க வேண்டும் என்பது மன்னனின் கட்டளை. 1661 பெப்ரவரியில் தந்தை காய்ச்சலில் இறந்தார். பிணத்தை இழுத்துப்போக ஊரார் கயிறு கொண்டுவர, நொக்ஸ் அதை மறுத்துத் தாமே குழி தோண்டி அடக்கம் செய்தார். அதற்குத் துணை நின்றவன் ஒரு சிறுவன்.

இந்தச் சிறுவனைப் பற்றிச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். தங்களுக்குப் பணிவிடை செய்யப் பறங்கிப்பேட்டையிலிருந்து அழைத்துவந்தவன் அவன். நூல் அவனைக் கறுப்புப் பையன் என்றே குறிக்கிறது. எசமான்கள், தன்னைப் போன்ற நிறமுடையவர்களிடம் கைதிகளானதைக் கண்டதும், அவன் சொன்ன வேலையைச் செய்யவில்லையாம். தனக்கு இஷ்டமானதை மட்டும் செய்தானாம். நொக்ஸ் இதைக் குறையாகத்தான் எழுதுகிறார். எனக்கு அது குறையாகப் படவில்லை. எசமான் சுதந்திரம் இழந்த நாளில் அவனுக்குக் கொஞ்சம் சுதந்திரம் கிடைத்திருக்கிறது.

நொக்ஸ் தொப்பி பின்னி விற்றார். நெல்லைக் கடன் கொடுத்து அறுவடையில் ஒன்றுக்கு ஒன்றரையாக வாங்கினார். எலதெத்த என்ற இடத்தில் வீடு கட்டினார். ஊர் ஊராகப் பண்டம் விற்றுப் பாதைகளைப் படித்துக்கொண்டார். கண்ணால் கண்ட அநீதிகளையும் மனதில் வைத்துக்கொண்டார். ரொடி எனப்பட்ட மக்கள் பொதுக் கிணற்றில் தண்ணீர் அள்ளக்கூடாது, மற்றவர்களைப் போல வீடு கட்டக்கூடாது என்று இருந்ததை விவரிக்கிறார். மன்னன் ஒரு பிரபுவின் மீது கோபம் கொண்டால், அவனைக் கொன்றுவிட்டு அவனுடைய மனைவியையும் பெண்மக்களையும் இம்மக்களிடம் ஒப்படைத்துவிடுவான் என்றும், அதை மரணத்திலும் கொடிய தண்டனையாக ஊர் எண்ணியது என்றும் எழுதுகிறார். குற்றம் யாருடையதோ, தண்டனை பெண்களுக்கு! அதோடு, ஒரு சமூகத்தோடு சேர்ந்து வாழ்வதே தண்டனை என்றால், அந்தச் சமூகத்தை எவ்வளவு தாழ்த்தி வைத்திருந்தார்கள் என்பதும் விளங்குகிறது.

1679 செப்டெம்பரில் நொக்ஸும் ஸ்டீபன் ரட்லண்டும் வியாபாரிகளைப் போலப் புறப்பட்டார்கள். அநுராதபுரம் வந்து, ஆற்றை ஒட்டிக் காட்டுவழியே நடந்து, ஒக்டோபர் 18இல் மன்னார்ப் பக்கம் அரிப்பில் இருந்த ஒல்லாந்தர் கோட்டையை அடைந்தார்கள். பிடிபட்டு 19 ஆண்டுகளும் ஆறு மாதங்களும் ஆகியிருந்தன. 1681இல் அவருடைய நூல் லண்டனில் வெளியானது. றொபின்சன் குரூசோ கதைக்கு அதுவும் ஒரு தூண்டுகோல் என்று சொல்வார்கள்.

கதை இத்துடன் முடிந்திருந்தால் நான் மகிழ்ந்திருப்பேன். ஆனால் நாடு திரும்பிய நொக்ஸ் மீண்டும் கம்பனிக் கப்பலுக்குத் தலைவரானார். மடகஸ்காரில் மனிதர்களை அடிமைகளாக வாங்கி, சென் ஹெலனாத் தீவுக்கு ஏற்றும் வேலையும் அவருக்குக் கொடுக்கப்பட்டது. அதைச் செய்தார். ஏறத்தாழ இருபது ஆண்டுகள் ஊரையும் உறவையும் இழந்து வாடியவர், பிறரை ஊரிலிருந்தும் உறவிலிருந்தும் பிரித்துக் கொண்டுபோனார். 1720இல் இறந்தார்.

இதைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. துன்பப்பட்டவர் இரக்கமுள்ளவராகிவிடுவார் என்று நாம் எளிதாக நினைத்துவிடுகிறோம். அப்படியில்லை போலும். நமக்கு நடந்த அநீதி நமக்கு உடனே தெரிகிறது. நாம் பிறருக்குச் செய்வது அநீதி என்று தெரிய, அவர்களையும் நம்மைப் போன்ற மனிதர்களாக எண்ண வேண்டியிருக்கிறது. எங்கள் போர்க்காலத்தையும், 2006இல் ஊரைவிட்டு ஓடிய நாட்களையும் பெரியவர்கள் பேசும்போது இதை நினைத்துக்கொள்கிறேன்.

போன விடுமுறையில் உம்மம்மாவை அந்தக் கல்லடிக்கு நான் கூட்டிப்போனேன். வெள்ளைக்காரன் எந்தக் குற்றமும் செய்யாமலே பிடிபட்டான் என்று சொன்னேன். பிறகு அவன் செய்ததையும் சொன்னேன். உம்மம்மா கொஞ்ச நேரம் கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, அந்தப் பறங்கிப்பேட்டைப் பையன் தன் உம்மாவிடம் போய்ச் சேர்ந்தானா என்று மட்டும் கேட்டார்.